மூன்றாம் கூப்பாடு

முத்தாத்தாள் கோர்ட்டு வாசலில் வாயைத் திறக்காமல் நின்றதற்காகப் போன வாரம் அவளை எத்தனை பேர் திட்டினீர்களோ! பாவம், திட்டாதீர்கள். ஒன்பது வருஷமாக ஹரிஹரய்யர் வக்கீல் அவளுக்குச் சொல்லிக்கொடுத்திருந்த சட்டம் ஒன்றே ஒன்றுதான்: "கோர்ட்டுக்குள்ளே நீ வாயைத் திறக்கப்படாது. நான் பேசிக்கறேன்."

அவள் திறக்கவில்லை. டவாலி போட்ட சேவகன் அவள் பெயரை மூன்று தடவை கூப்பிட்டான். முதல் கூப்பாட்டுக்கு வக்கீலைத் தேடி ரோட்டைப் பார்த்தாள். இரண்டாவதுக்குப் புளிச்சோற்றுத் தூக்கை இறுக்கிப் பிடித்தாள். மூன்றாவதுக்குக் கண்ணை மூடி மாரியாத்தாளைக் கும்பிட்டாள். கண்ணைத் திறந்தபோது, "வாதி தரப்பில் ஆஜர் இல்லை, தள்ளுபடி" என்று ஒன்பது வருஷ வழக்கு முடிந்து, அடுத்த வழக்கின் கட்டை அவிழ்த்துக்கொண்டிருந்தார்கள்.

வழக்கு ஓர் இட்டேரிக்காக. கேரள எல்லையோர மீனாட்சிபுரத்துத் தார் ரோட்டிலிருந்து அவள் தோட்டத்துக்குப் போகிற தடம் அது. இருபுறமும் கிளுவை வேலி, நடுவே ஒற்றை வண்டி மட்டும் போகும். தடம் முழுக்க என் பூமி என்றார் கூடப்பிறந்த அண்ணன் குப்பண்ணன். நடக்க எனக்குப் பாத்தியம் உண்டு என்று அறுபத்திரண்டில் கேஸ் போட்டாள் முத்தாத்தாள். தீர்ப்பு வருகிறவரை தடத்தை அடைக்கக் கூடாது என்று தடையுத்தரவும் வாங்கினாள்.

கேஸ் போனால் தடையும் போச்சு. எட்டு மாட்டுப் பால் தினமும் காலை ஆறு மணிக்குள் ரோட்டுக்கு வந்து பால் சொசைட்டி வண்டியில் ஏறியாக வேண்டும். இட்டேரியை விட்டால் வாய்க்கால் வரப்புதான். ஐப்பசி மழையில் கேனைத் தலையில் வைத்து அந்த வரப்பில் நடந்தால், பால் வாய்க்காலுக்குத்தான்.

அதனால் மறுநாள் விடிந்ததிலிருந்து முத்தாத்தாளின் கை பசுவின் மடியில் இருந்தாலும் காது இட்டேரியில் கிடந்தது. முள் வெட்டுகிற சத்தம் வருமென்று பார்த்தாள். வந்தது வண்டிச் சத்தம்.

குப்பண்ணனுடைய சவாரி வண்டி! ஒன்பது வருஷத்தில் அவள் வாசலுக்கு வராத வண்டி.

அவள் புருஷன் ஆறுச்சாமி பதறிப்போனார். "ஏ புள்ள, மச்சான் வர்றாரு! அருவாளை ஒளிச்சு வெக்கட்டுமா, கையில வெச்சுக்கட்டுமா?"

"பருத்திக்கொட்டைய எடுத்து வையுங்க" என்றாள் முத்தாத்தாள்.

அவர்கள் வழக்கம் அது. சண்டையோ சமாதானமோ, வந்தவர் மாட்டை அவிழ்த்துத் தீனி வைத்த பிறகுதான் மற்றப் பேச்சு. ஆறுச்சாமி மாட்டை அவிழ்த்துக் கட்டினார். குப்பண்ணன் இறங்கி நின்றார். நேற்றுக் கோர்ட்டுக்குக் கட்டிய அதே கரை வேட்டி, மடிப்புக் கலையாமல் இருந்தது.

"வாங்கண்ணா. காப்பி..."

"காப்பியெல்லாம் வேண்டாம் அம்மிணி. ஒரு நாயம் கேக்க வந்தேன். உன்ற வக்கீலு நேத்து எங்க போனான்?"

முத்தாத்தாள் இதை எதிர்பார்க்கவில்லை.

"ஒம்பது வருசமா வாய்தா வாய்தான்னு இழுத்து, நேத்துத்தான் என்னையக் கூண்டுல ஏத்தறதா இருந்துச்சு. ஒரு மாசமாக் கண்ணாடி முன்னால நின்னு சாட்சி சொல்லிப் பழகினேன். புது வேட்டி. பாலக்காடு போயி சவரம். கடைசில என்னடான்னா, நீ ஜெயிச்சுட்டே எறங்குங்கறாங்க. நா இன்னும் ஏறவே இல்ல, எப்படி எறங்கறது?"

"ஜெயிச்சது நீங்கதானுங்களே?"

"என்ன ஜெயிப்பு? டீக்கடையில ஒருத்தன் கேக்கறான், 'ஏனுங் குப்பண்ணா, ஓட்டப் பந்தயத்துல நீங்க ஒருத்தரே ஓடி, நீங்களே மொதல்ல வந்தீங்களாமா?'ன்னு!"

ஆறுச்சாமி சிரிப்பை அடக்கப் பருத்திக்கொட்டைக் கூடைக்குள் தலையை விட்டார்.

முத்தாத்தாள் மெதுவாகக் கேட்டாள்: "தடத்தை அடைக்கலீங்களாண்ணா?"

"உன்ற நங்கையா நேத்துப் பொழுதோட முள்ளு வெட்டி அடுக்கிப்போட்டா. நான்தான், பொறு, மொதல்ல அந்த வக்கீலை நாலு வார்த்தை கேட்டுட்டு வர்றேன்னு நிறுத்தி வெச்சிருக்கேன். கெளம்பு."

நங்கையா என்றது குப்பண்ணன் மனைவி காளியாத்தாளை. அவளுடைய முள் அடைப்பு ஊருக்கே தெரியும். ஒரு எலி நுழையாது.

"அவரு என்ற வக்கீலுங்கண்ணா. நீங்க எதுக்குங்க கேக்கோணும்?"

"உனக்குத்தான் வாய் இல்லியே!"

அதற்குள் ரோட்டில் எட்டரை பஸ்ஸின் ஹாரன் கேட்டது. மாடு அப்போதுதான் கூடையில் வாய் வைத்திருந்தது. தின்கிற மாட்டை எழுப்பிப் பூட்டுவது பாவம். "வண்டி கெடக்கட்டும்" என்று குப்பண்ணன் வேட்டியைத் தூக்கிப் பிடித்து, பஸ் நிற்கிற இடத்துக்குக் குறுக்கு வழியான வாய்க்கால் வரப்பில் ஓடினார். பின்னாலேயே முத்தாத்தாள்.

ஒன்பது வருஷமாக வாதிக்கும் பிரதிவாதிக்கும் அந்த ஒரே பஸ்தான். அவள் முன்சீட்டு, அவர் பின்சீட்டு. பேச வேண்டியிருந்தால் கண்டக்டர் வழியாகப் பேசிக்கொள்வார்கள். அன்றைக்கு நல்ல கூட்டம். ஒரே சீட்டில் உட்காரவேண்டியதாயிற்று. பாதி வழியில் குப்பண்ணன் வறுகடலைப் பொட்டலத்தைப் பிரித்து, ஜன்னல் பக்கம் பார்த்தபடியே அவள் பக்கம் நீட்டினார். அவளும் எதிர்ப்பக்கம் பார்த்தபடியே எடுத்துக்கொண்டாள்.

கோர்ட்டு வராந்தாவில் ஹரிஹரய்யரைப் பார்த்ததும் இரண்டு பேரும் நின்றுவிட்டார்கள். கறுப்புக் கோட்டு, கழுத்துப் பட்டை, நெற்றியில் பளிச்சென்று விபூதி, கக்கத்தில் அவர்களுடைய வழக்குக் கட்டு. மாப்பிள்ளை அழைப்புக்குத் தயாரானவர் மாதிரி நின்றார்.

"வா முத்தாத்தா! சரியான சமயத்துக்கு வந்துட்டே. இன்னிக்குப் பார், உங்கண்ணனைக் கூண்டிலே ஏத்தி வெச்சு உண்டு இல்லைன்னு ஆக்கறேன். அட, எதிர்க்கட்சியும் கூடவே வந்திருக்கே! பேஷ்!"

"கேசு நேத்துங்க சாமி" என்றாள் முத்தாத்தாள்.

"எந்தா? நேத்தா? நேத்திக்கு நான் ஒலவக்கோட்டிலே மச்சினன் பொண்ணு நிச்சயதார்த்தத்திலே பாயசம் குடிச்சிண்டிருந்தேன். கேஸ் இன்னிக்காக்கும்! ராவுண்ணி, அந்தப் பஞ்சாங்கத்தைக் கொண்டா!"

குமஸ்தா ராவுண்ணி ஆணியோடு பிடுங்கிக்கொண்டு வந்தவர் போல ஒரு மலையாளக் காலண்டரை நீட்டினார். துலாம் மாதம் ஒன்பதாம் தேதிக்குச் சிவப்பு மையால் வட்டம் போட்டிருந்தது.

"இவிங்ககிட்ட நான் சொன்னது ஐப்பசி ஒம்பதுங்க" என்றாள் முத்தாத்தாள்.

"ஐப்பசின்னு பறஞ்ஞால் துலாமல்லே அம்மே?" என்றார் ராவுண்ணி.

போன வாய்தாவில் நடந்தது அவளுக்கு அப்போதுதான் ஞாபகம் வந்தது. வக்கீல் வேறு கோர்ட்டுக்கு ஓடும் அவசரத்தில், "தேதியைக் கேட்டுண்டு குமஸ்தன்கிட்டே சொல்லிடு" என்று போய்விட்டார். கோர்ட்டில் சொன்னது அக்டோபர் இருபத்தைந்து. ஆறுச்சாமி வீட்டுக் காலண்டரைப் புரட்டி அதை ஐப்பசி ஒன்பதாக்கித் தந்தார். அவள் அதையே ராவுண்ணியிடம் சேர்த்தாள்.

ஐப்பசியும் துலாமும் ஒரே மாசம்தான். ஆனால் சில வருஷம் தமிழ்க் கணக்கில் மாசம் இன்றைக்குப் பிறந்தால் மலையாளக் கணக்கில் நாளைக்குத்தான் பிறக்கும். சூரியன் எந்த நாழிகைக்குள் ராசி மாறினால் எந்த நாள் என்பதில் இரண்டு பக்கமும் இரண்டு கட்சி. எல்லையோரத்தில் இருக்கிறவர்கள் கல்யாணத்துக்கும் பண்டிகை நோம்பிக்கும் இரண்டு காலண்டரையும் பார்த்துக்கொள்வார்கள். கோர்ட்டுக்குப் பார்க்க ஒருவருக்கும் தோன்றவில்லை.

"ஒரு நாள் பிசகிப் போச்சே!" என்று ஹரிஹரய்யர் தூணில் சாய்ந்தார். "படிச்சுப் படிச்சுச் சொன்னேனே, இங்கிலீஷ் தேதி கேளுன்னு. நீ என்னடான்னா..."

முத்தாத்தாளுக்குக் கண் கலங்கிவிட்டது. ஒன்பது வருஷம் வாயை மூடிக்கொண்டிருந்தவள், திறந்த ஒரே தடவை இப்படியாகிப்போச்சே.

அப்போது குப்பண்ணன் ஓரடி முன்னால் வந்தார். "சாமி, என்ற தங்கச்சியை ஒண்ணும் சொல்லாதீங்க. அவ சொன்ன தேதி செரியாத்தான் இருந்துச்சு. உங்க காலண்டர்தான் ஒரு நாளு பின்னால நொண்டுது."

வக்கீல் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி அவரை ஏற இறங்கப் பார்த்தார். ஒன்பது வருஷ அனுபவத்தில் பிரதிவாதி இப்படி வாதிக்கு வக்காலத்து வாங்கி அவர் பார்த்ததில்லை.

"போகட்டுங்க" என்று குப்பண்ணன் குரலைத் தாழ்த்தினார். "நேத்து என்னைய என்ன கேக்கறதா இருந்தீங்க? அதை மட்டும் ஒருக்காச் சொல்லுங்க. எனக்கு ராத்திரி தூக்கம் வரல."

ஹரிஹரய்யருக்கும் அதே வேதனைதான். ராப்பகலாகத் தயார் பண்ணிய குறுக்கு விசாரணை வீணாகக் கிடந்தது. கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டார். வராந்தாத் திண்டு கூண்டாயிற்று. குப்பண்ணன் அதைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்து நின்றார்.

"உமக்குத் தங்கை எத்தனை பேர்?"

"ஒருத்திதானுங்க. இவதான்."

"இவள் கல்யாணத்தன்னிக்குச் சீர்வண்டி இந்தத் தோட்டத்துக்கு எந்த வழியாப் போச்சு?"

"இட்டேரி வழியாத்தானுங்க."

"வண்டி ஓட்டினது ஆரு?"

"நாந்தானுங்க! ஆரு ஓட்டுவா? செவலை மாட்டைப் பூட்டி, பித்தளை அண்டா ஒண்ணு, கறவை ஒண்ணு, எங்கய்யன் முன்னால நடந்து வர, 'முத்தாளுக்கு இதுதாண்டா தடம், மேடு பள்ளம் பாத்து ஓட்டு'ன்னு..."

குப்பண்ணன் சட்டென்று நிறுத்தினார். மீசையைத் தடவினார்.

"இதை நேத்துக் கேட்டிருந்தா நா தோத்திருப்பேனுங்களா?"

"பேஷாத் தோத்திருப்பேள்."

பெஞ்சு கிளார்க் ரூமில் யாரோ தட்டெழுத்து அடிக்கிற சத்தம் வந்தது. முத்தாத்தாள் அண்ணன் முகத்தைப் பார்க்காமல் சேலை முந்தியை முடிச்சுப் போட்டுப் போட்டு அவிழ்த்தாள்.

"செரி" என்றார் குப்பண்ணன். "மறுபடி கேசை உசுப்ப என்ன பண்ணோணும்?"

"தள்ளுபடியை ரத்து பண்ணச் சொல்லி நான் மனு போடறேன். எதிர்க்கட்சி நோட்டீஸு, வாய்தான்னு போனா வருஷம் ஓடிடும். 'எங்களுக்கு ஆட்சேபமில்லை'ன்னு பிரதிவாதிகள் எழுதிக் கொடுத்துட்டா, நாளைக்கே எடுத்துப்பா. தடையும் திரும்பி வந்துடும்."

"எழுதுங்க. கையெழுத்துப் போடறேன்."

"அண்ணா!" என்றாள் முத்தாத்தாள்.

"நீ ஒண்ணும் பெருமைப்பட்டுக்காதே. அந்தச் சீர்வண்டிக் கேள்விக்கு நா வேற நல்ல பதிலாத் தயார் பண்ணிட்டு வந்து, கூண்டுல ஏறி நின்னு, முறைப்படி ஜெயிக்கப்போறேன்."

வக்கீல் எழுதினார். குப்பண்ணன் நாக்கைக் கடித்துக்கொண்டு பெரிய பெரிய எழுத்தாகக் கையெழுத்துப் போட்டார். அதற்குக் கீழே வக்கீல் ஒரு சின்ன வட்டம் போட்டார்.

"இதுங்க?"

"பிரதிவாதி ரெண்டு பேரோன்னோ? ஒண்ணாம் பிரதி நீர். ரெண்டாம் பிரதி உம்ம ஆத்துக்காரி. அவ கைநாட்டு இங்கே விழணும். இல்லேன்னா இது வெறும் காகிதம்."

"அது ஒரு பெரிய காரியமுங்களா? என்ற பேச்சை அவ தட்டமாட்டா" என்றார் குப்பண்ணன்.

முத்தாத்தாள் காகிதத்தை நாலாக மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள்.

நாலரை மணிக்குப் பஸ்ஸை விட்டு இறங்கி, வண்டியை எடுக்க அதே வரப்பு வழியே அவள் தோட்டத்துக்குப் போனார்கள். ஆறுச்சாமி மாட்டைப் பூட்டித் தயாராக நின்றார். ஆனால் முகம் சரியில்லை.

"மச்சான், மாடு பூட்டிட்டேன். வண்டி நல்லா இருக்குது. தடம்தான்..."

வண்டியை ஓட்டிக்கொண்டு மூன்று பேரும் இட்டேரியின் முனைக்குப் போனார்கள். ரோடு சேருகிற இடத்தில், ஆள் உயரத்துக்கு வேலாமுள். எலி நுழையாத வேலை. அந்தப் பக்கம் மைல்கல்லின் மேல் அருவாளை மடியில் வைத்து உட்கார்ந்திருந்தாள் காளியாத்தாள்.

"ஏ புள்ள, என்ன இது?"

"வேலிங்க."

"வேலின்னு தெரியுது. வண்டி எப்படி வரும்?"

"வராதுங்க. அதுக்குத்தானுங்களே வேலி."

"நாந்தான் பொறுன்னு சொன்னனில்ல?"

"நீங்க சொன்னது ஒண்ணாம் பிரதி பேச்சுங்க. நா ரெண்டாம் பிரதி. எனக்குத் தனி நம்பர் இருக்குது." காளியாத்தாள் எழுந்து நின்றாள். "ஒம்பது வருசமா அந்தக் கோர்ட்டுல 'காளியாத்தாள், காளியாத்தாள்'னு கூப்புட்டாங்களாமா. ஒரு நாளு நா போவல. போனா மாடு கறக்கறது ஆரு? இன்னிக்கு நா ஆஜருங்க."

"வேலிக்கு உள்ள உன்ற புருசனும் மாடும் நிக்கறம், அதாவது தெரியுதா?"

"தெரியுதுங்க. பஸ்ஸுல அண்ணனும் தங்கச்சியும் ஒரே பொட்டலத்துல கடலை தின்னுட்டுப் போனதும் தெரியுதுங்க. இந்த வழக்குக்காக ஒம்பது வருசம் அம்மிணிகூட நா பேசல. நீங்க ஒரு பொட்டலத்துல முடிச்சுப்போட்டீங்க. என்னை ஒரு வார்த்தை கேட்டீங்களா?"

கண்ணாடி முன்னால் குப்பண்ணன் பழகிய பதில்களில் இதற்கு ஒன்று கிடையாது.

"அம்மிணி இடுப்புல என்னமோ காகிதம் தெரியுது. உங்க கூடப் பஸ்ஸுல வந்தவிங்க எல்லாஞ் சொல்லிப்போட்டாங்க. அதுல என்ற கைநாட்டு வேணுமாக்கும்? கிழிச்சுப் போடுங்க. கிழிச்சுட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க, முள்ளை எடுக்கறேன். மூணு தடவ கூப்புடுவேன். மூணாவதுக்கும் பதிலில்லீன்னா உங்க கேசு தள்ளுபடி."

முத்தாத்தாள் காகிதத்தை எடுத்து அண்ணன் கையில் வைத்தாள். "உங்க கையெழுத்துங்கண்ணா. உங்க இஷ்டம்."

புருஷன் பெயரைக் காளியாத்தாள் வாயால் சொன்னதில்லை. மகள் பெயரை வைத்துக் கூப்பிட்டாள்.

"தங்கமணியய்யா!"

குப்பண்ணன் காகிதத்தைப் பிரித்தார். அவருடைய பெரிய எழுத்துக் கையெழுத்தும் அதன் கீழே காலி வட்டமும் தெரிந்தன.

"தங்கமணியய்யா!"

மாடு தன் கட்டுத்தறிப் பக்கம் பார்த்து ஒரு தடவை கத்தியது. வேலிக்கு அந்தப் பக்கம் இருபதடி தூரத்தில் குப்பண்ணன் வீடு. அடுப்புப் புகை தெரிந்தது. குப்பண்ணன் காகிதத்தின் இரண்டு நுனியையும் பிடித்துக்கொண்டார். ஆறுச்சாமி கண்ணை மூடிக்கொண்டார்.

"தங்கமணியய்யா!"

குப்பண்ணன் வாயைத் திறந்தார். கீழே ஈரத் தடத்தில் பதிந்திருந்த வண்டிச் சுவட்டைப் பார்த்தார். வாயை மூடிக்கொண்டார். நேற்று முத்தாத்தாள் எப்படி நின்றாளோ, அப்படியே நின்றார்.

"தள்ளுபடி!" என்றாள் காளியாத்தாள்.

அவர் காகிதத்தை மடித்துத் தலைப்பாகைக்குள் வைத்தார். தொண்டையைச் செருமினார்.

"அம்மிணி, ஊட்டுல ராத்திரிக்கு என்ன சோறு?"

"கம்மஞ்சோறுங்கண்ணா. தட்டப்பயிறு போட்ட கொழம்பு."

"மாப்ள, வண்டியைத் திருப்பு."

வண்டி திரும்பிப் போயிற்று. முத்தாத்தாள் மட்டும் பின்தங்கி நின்றாள். முள்ளுக்கு அந்தப் பக்கம் வளையல் சத்தம் கேட்டது. காளியாத்தாள் இன்னும் போகவில்லை.

"முத்தா" என்று குரல் வந்தது, ஒன்பது வருஷத்துக்கு அப்புறம். "கொழம்புல கத்திரிக்கா போட்டிருக்கியா?"

"போட்டிருக்குதுங்க நங்கையா."

"அவிங்களுக்கு ஆகாது. ஒடம்பெல்லாம் தடிச்சுப் போவும். அரிச்சு எடுத்துட்டு ஊத்து."

"செரிங்க நங்கையா." முத்தாத்தாள் முள்ளுக்கு இன்னும் கொஞ்சம் பக்கத்தில் போனாள். அவள் நெஞ்சில் விடிந்தால் கறக்கவேண்டிய எட்டு மடியும், ஆறு மணி வண்டியும்தான் இருந்தன. "நங்கையா! விடியக்காலம் பாலு..."

பதில் இல்லை.

"நங்கையா!"

வளையல் சத்தம் நின்றது. ஆனால் அவள் போகிற காலடிச் சத்தமும் கேட்கவில்லை.

மூன்றாவது தடவை முத்தாத்தாள் கூப்பிடவில்லை. அதை விடியக்காலத்துக்கு வைத்துக்கொண்டு, கத்திரிக்காயை அரித்தெடுக்க வீட்டுக்கு நடந்தாள்.